ஏழு தடவை பரிசு விழுந்தும் பணம் எங்கே போனது?

கேள்வி: மூன்று வருடமாக, தினசரி நடக்கும் மூன்று இலக்கக் குலுக்கலில் நாள் தவறாமல் ஒரு எண் கட்டி வருகிறேன். எப்போதும் பாக்ஸ்தான், அதாவது இலக்கங்கள் எந்த வரிசையில் வந்தாலும் பரிசு. மூன்றும் வேறு வேறு இலக்கமாகத்தான் எடுப்பேன். இதுவரை ஏழு தடவை விழுந்திருக்கிறது. ஆனால் கையில் எதுவும் மிஞ்சிய மாதிரி தெரியவில்லை. “பாக்ஸுக்கு 80 மடங்குதான் தருகிறார்கள், எழுதிய வரிசையிலேயே வர வேண்டிய ஸ்ட்ரெய்ட்டுக்கு 500 மடங்கு, நீ பாக்ஸில் கட்டித்தான் ஏமாறுகிறாய்” என்கிறார் நண்பர். தினமும் வரும் எண்ணை நோட்டில் எழுதி வைக்கிறேன். முதல் இடத்தில் 7 வந்து 31 நாள் ஆகிவிட்டது. இந்த நேரத்தில் 7-ஐ முதலில் வைத்து, ஸ்ட்ரெய்ட்டில், தொகையையும் கொஞ்சம் கூட்டிக் கட்டலாமா? நோட்டில் ஒரு பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பியிருக்கிறேன். கணக்குத் தெரிந்தவர் நீங்கள், சொன்னால் கேட்டுக்கொள்கிறேன்.

அன்புள்ள நண்பருக்கு,

நோட்டுப் பக்கத்தைப் பார்த்தேன். தேதி, அதற்கு எதிரே மூன்று இலக்கம், முதல் இடத்தில் 7 வந்த நாட்களில் சிவப்பு மையில் ஒரு வட்டம். நான் புள்ளியியல் நடத்துகிற வகுப்பில் பாதிப் பேர் இவ்வளவு சுத்தமாக எழுத மாட்டார்கள். ஒரே ஒரு குறை இருக்கிறது. அதற்குக் கடைசியில் வருகிறேன்.

முதலில், ஏழு தடவை விழுந்தது குறைவா அதிகமா என்று பார்த்துவிடுவோம். நீங்கள் ஒரு நாளைக்குக் கட்டும் தொகையை ‘ஒரு காசு’ என்று வைத்துக்கொள்கிறேன், கணக்குக்கு அது போதும். 000 முதல் 999 வரை மொத்தம் 1000 எண்கள். 274 என்று பாக்ஸில் கட்டினால் 274, 247, 427, 472, 724, 742 ஆகிய ஆறில் எது வந்தாலும் உங்களுக்குப் பரிசு. ஆக 1000-ல் 6 வாய்ப்பு. மூன்று வருடத்துக்கு 1095 குலுக்கல். 1095-ஐ 6-ஆல் பெருக்கி 1000-ஆல் வகுத்தால் 6.57 வருகிறது. அதாவது உங்களைப் போல ஆயிரம் பேர் மூன்று வருடம் கட்டினால், ஆளுக்குச் சராசரியாக ஆறரைத் தடவை விழும். உங்களுக்கு ஏழு விழுந்திருக்கிறது. நீங்கள் அதிர்ஷ்டம் கெட்டவர் இல்லை. சராசரி ஆளைவிட ஒரு பிடி மேலேதான் நிற்கிறீர்கள்.

இப்போது பணத்தைப் பார்ப்போம். கட்டியது 1095 காசு. வந்தது ஏழு எண்பது, 560. போனது 535. அதிர்ஷ்டம் உங்கள் பக்கம் சாய்ந்திருந்தும் ஏறக்குறையப் பாதி போய்விட்டது. அப்படியானால் ஓட்டை அதிர்ஷ்டத்தில் இல்லை, வேறெங்கோ இருக்கிறது.

அது எங்கே என்று பார்க்க ஒரு சுலபமான வழி உண்டு. நாளைய குலுக்கலுக்கு ஒருவர் ஒரு எண்ணை விடாமல் 1000 எண்ணையும் ஸ்ட்ரெய்ட்டில் ஒரு காசு வீதம் வாங்கிவிடுகிறார் என்று வையுங்கள். நோட்டு வேண்டாம், ராசி எண் வேண்டாம், கனவு வேண்டாம். நாளைக்கு அவருக்குப் பரிசு விழுந்தே தீரும். கட்டியது 1000, கைக்கு வருவது 500. ஜெயித்தும் பாதியை விட்டுவிட்டுத்தான் வீட்டுக்குப் போகிறார். ஒரு எண்ணை மட்டும் வாங்குபவருக்கும் இதே கணக்குதான் ஓடுகிறது. ஆனால் அது ஒரே நாளில் கண்ணுக்குத் தெரியாது, வருடக்கணக்கில் பரவிக் கிடக்கும்.

இதைச் சீட்டில் எழுதியிருக்கிற இரண்டு எண்களை வைத்தே எப்போதும் பார்த்துவிடலாம். விழுவதற்கு எவ்வளவு வாய்ப்பு, விழுந்தால் எத்தனை மடங்கு. இரண்டையும் பெருக்க வேண்டும். ஸ்ட்ரெய்ட்: 1000-ல் 1, 500 மடங்கு. பெருக்கினால் காசுக்கு அரைக் காசு. உங்கள் பாக்ஸ்: 1000-ல் 6, 80 மடங்கு. பெருக்கினால் 480/1000, காசுக்கு 0.48. இரண்டு இலக்கம் ஒன்றாக இருக்கும் 277 மாதிரி எண்ணைப் பாக்ஸில் கட்டினால் மூன்றே வரிசைதான் உண்டு, அதனால் வாய்ப்பு 1000-ல் 3 ஆகக் குறையும். அதற்கு வழக்கமாக 160 மடங்கு தருவார்கள். பெருக்கிப் பாருங்கள், மறுபடி 480. நான்கு இலக்க ஆட்டத்துக்குப் போனாலும் இதே கதை: 10,000-ல் 1 வாய்ப்புக்கு 5,000 மடங்கு. நான்கும் வேறு வேறு இலக்கமான எண்ணின் பாக்ஸில் 24 வரிசை, 200 மடங்கு, மீண்டும் 0.48. முதல் இரண்டு இலக்கத்துக்கு மட்டும் கட்டும் ஜோடி ஆட்டத்தில் 100-ல் 1, 50 மடங்கு. எங்கே போனாலும் பாதியைச் சுற்றித்தான் நிற்கிறது. பரிசுப் பட்டியலை முதலில் எழுதிவிட்டு வாய்ப்பை அப்புறம் கண்டுபிடிப்பதில்லை அவர்கள். வாய்ப்பை எண்ணி, பாதியை எடுத்துவைத்துவிட்டு, மிச்சத்தைத்தான் பரிசு என்று எழுதுகிறார்கள். எடுத்துவைத்த பாதியில்தான் விற்பவர் கமிஷன், நடத்தும் செலவு, நடத்துபவருக்குச் சேர வேண்டியது எல்லாம்.

பாதி என்பது எவ்வளவு கனமான வெட்டு என்று புரிய ஒரு ஒப்பீடு. சூதாட்ட விடுதிகளில் ஒற்றைப் பூஜ்யம் உள்ள ரூலெட் சக்கரம் இருக்கிறதே, அது கட்டிய 100-க்குச் சராசரியாக 97 திருப்பித் தருகிறது. அதில் போனவர்களையே நாம் “வீணாய்ப் போனான்” என்கிறோம்.

சின்னதாக ஒரு எச்சரிக்கையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். 500 மடங்கு என்றால் 500 லாபம் என்று பலர் நினைக்கிறார்கள். சீட்டு வாங்கிய காசு திரும்பி வராது. அந்த 500-க்குள்தான் அதுவும் அடக்கம். நிகர லாபம் 499. ஸ்ட்ரெய்ட்டில் பெரிய வித்தியாசம் தெரியாது. ஆனால் பத்தில் ஒன்று விழுகிற சின்ன ஆட்டங்களில் ‘5 மடங்கு’ என்று போட்டிருந்தால் லாபம் 4 தான் என்பது நினைவிருக்கட்டும்.

அடுத்து உங்கள் நண்பர். அவர் சொன்னதில் உண்மை இல்லாமல் இல்லை, ஸ்ட்ரெய்ட் கொஞ்சம் அதிகம்தான் தருகிறது. எவ்வளவு அதிகம்? 0.50-க்கும் 0.48-க்கும் உள்ள தூரம். உங்கள் 1095 காசுக்கு அது சராசரியாக 22 காசு. மூன்று வருடத்துக்கும் சேர்த்து! அதற்காக ஏமாறுகிறாய் என்று சொல்வது கொஞ்சம் ஓவர்.

வித்தியாசம் இருப்பது பணத்தில் இல்லை, பணம் வந்து சேரும் விதத்தில். பாக்ஸில் கட்டுபவர் மூன்று வருடத்தில் ஒரு தடவைகூட ஜெயிக்காமல் இருப்பது அபூர்வம், 700 பேரில் ஒருவருக்குத்தான் அப்படி நடக்கும். ஸ்ட்ரெய்ட்டில் கட்டியிருந்தால், மூன்று பேரில் ஒருவருக்கு இந்த மூன்று வருடமும் ஒன்றுமே விழுந்திருக்காது. 1000-ல் 1 வாய்ப்பு என்றால் 1000 குலுக்கலுக்குள் கண்டிப்பாக ஒரு தடவை வரும் என்று எல்லோருக்கும் ஒரு நினைப்பு. கணக்கு அப்படி இல்லை. 1000 குலுக்கல் கட்டிய பிறகும் 100-ல் 37 பேர் வெறுங்கையோடுதான் இருப்பார்கள்.

ஸ்ட்ரெய்ட்டில் இன்னொரு சங்கதியும் இருக்கிறது, வகுப்பில் சொன்னால் யாரும் முதலில் நம்ப மாட்டார்கள். ஒரே ஒரு வருடம், நாளொன்றுக்கு ஒரு காசு கட்டினால் செலவு 365. ஒரு தடவை விழுந்தாலும் 500 வந்துவிடும், லாபம். அப்படி வருடக் கடைசியில் லாபத்தில் நிற்பவர்கள் 100-க்கு 31 பேர்! கிட்டத்தட்ட மூன்றில் ஒருவர். உங்கள் நண்பருக்குத் தெரிந்த ஸ்ட்ரெய்ட் கதைகள் எல்லாம் இந்த 31 பேருடையவை என்று நினைக்கிறேன். மிச்சம் 69 பேர் கதை சொல்ல வருவதில்லை. சரி, அதே ஆட்கள் மூன்று வருடம் தொடர்ந்தால்? செலவு 1095, லாபத்தில் நிற்க மூன்று தடவை விழ வேண்டும். 100-க்கு 10 பேர்தான் தேறுவார்கள். பத்து வருடம் தொடர்ந்தால் எட்டுத் தடவை விழ வேண்டும். 100-க்கு 3 பேர். முதல் வருடத்தில் ஜெயித்தவர் எழுந்து போவதில்லை, அவர்தான் அடுத்த ஒன்பது வருடமும் கட்டுகிறார். பாக்ஸில் இந்த ஏற்ற இறக்கம் குறைவு. அடிக்கடி 80 வரும், மெதுவாகக் கரையும். எந்த வழியில் கரைவது என்று தேர்ந்தெடுக்கலாமே தவிர, கரையாமல் இருக்கும் வழி இரண்டிலும் இல்லை.

இப்போது நோட்டுக்கு வருகிறேன். முதல் இடத்தில் 7 வந்து 31 நாள். கேட்கும்போது ஏதோ நடக்கப்போகிறது போலத்தான் இருக்கிறது. ஒரு குறிப்பிட்ட இலக்கம் ஒரு குறிப்பிட்ட இடத்தில் 31 குலுக்கல் தொடர்ந்து வராமல் இருப்பதற்கான வாய்ப்பு, 0.9-ஐ 31 தடவை பெருக்கினால் கிடைக்கும்: 0.038. 100-க்கு 4 கூட இல்லை. அபூர்வம்தான், ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் நீங்கள் 7-ஐ மட்டுமா கவனித்தீர்கள்? பத்து இலக்கம், மூன்று இடம், ஆக 30 கட்டங்கள் உங்கள் நோட்டில் இருக்கின்றன. முப்பதில் எது ரொம்ப நாளாக வரவில்லையோ அதன் மேல்தான் கண் போய் நிற்கும். 30-ஐ 0.038-ஆல் பெருக்கினால் 1.14. அதாவது வருடத்தில் எந்த நாளில் நோட்டைத் திறந்தாலும், 31 நாளாகவோ அதற்கு மேலாகவோ வராத கட்டம் சராசரியாக ஒன்று இருந்துகொண்டே இருக்கும். இன்றைக்கு முதல் இடத்து 7. போன மாதம் அது நடு இடத்து 2 ஆக இருந்திருக்கலாம், அடுத்த மாதம் கடைசி இடத்து 0 ஆக இருக்கலாம். நான் சொல்வதை நம்ப வேண்டாம், பழைய பக்கங்களைப் புரட்டிப் பாருங்கள்.

நாளைக்கு முதல் இடத்தில் 7 வர வாய்ப்பு பத்தில் ஒன்று. அது நேற்றே வந்திருந்தாலும் பத்தில் ஒன்றுதான். குலுக்கலில் வரும் பந்துக்கு நோட்டு கிடையாது.

இந்த எண்ணம் உங்களுக்கு மட்டும் வருவதில்லை. அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில் இதே மாதிரி ஒரு மூன்று இலக்க ஆட்டத்தின் விற்பனைக் கணக்கை எடுத்துக்கொண்டு சார்லஸ் கிளாட்ஃபெல்டர், பிலிப் குக் என்ற இரு பொருளியலாளர்கள் ஆராய்ந்து 1993-ல் எழுதினார்கள். ஒரு எண் பரிசு பெற்றதும் மறுநாளிலிருந்து அதன் மேல் கட்டப்படும் பணம் சட்டென்று விழுகிறது. பழைய நிலைக்குத் திரும்பச் சில மாதங்கள் ஆகின்றன. “இப்போதுதானே வந்தது, இனி வராது” என்று ஒரு மாநிலமே ஒதுங்குகிறது. அந்த எண்ணுக்கோ எப்போதும் போல ஆயிரத்தில் ஒன்று.

உங்களுக்கு இப்போது ஒரு மறுப்புத் தோன்றும்: இயந்திரத்தில் கோளாறு இருந்தால், ஏதோ ஒரு பந்து உண்மையிலேயே அடிக்கடி வந்தால்? நல்ல கேள்விதான், நடந்தும் இருக்கிறது. 1980 ஏப்ரல் 24 அன்று பென்சில்வேனியா மாநிலத்தின் தினசரிக் குலுக்கலில் 666 வந்தது. தொலைக்காட்சியில் குலுக்கலை நடத்திய நிக் பெரி என்பவரும் கூட்டாளிகளும் 4, 6 தவிர மற்ற பந்துகளுக்குள் ஊசியால் பெயின்ட்டைச் செலுத்திக் கனமாக்கிவிட்டார்கள். காற்றில் மேலெழும்ப 4-ம் 6-ம் மட்டுமே மிஞ்சின. அந்த இரண்டு இலக்கத்தில் அமையக்கூடிய எட்டு எண்களையும் வாங்கிக் குவித்தார்கள். அந்த எட்டு எண்களில் மட்டும் பணம் குவிந்திருந்ததே அவர்களைக் காட்டிக்கொடுத்தது. பெரி சிறைக்குப் போனார். கவனியுங்கள், அவர்கள் யாரும் நோட்டைப் பார்த்துக் கண்டுபிடிக்கவில்லை, பந்தைத் தொட்டார்கள்.

நோட்டிலிருந்து அப்படி ஒரு கோளாறைக் கண்டுபிடித்துப் பயன்படுத்த வேண்டுமானால், அது எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும்? உங்கள் திட்டப்படி 7-ஐ முதலில் வைத்து ஸ்ட்ரெய்ட்டில் கட்டினால், அசல் தேறுவதற்கே முதல் இடத்தில் 7 வரும் வாய்ப்பு பத்தில் இரண்டாக இருக்க வேண்டும். இயல்பைப் போல இரண்டு மடங்கு. 1095 குலுக்கலில் 219 தடவை. மூன்று வருடப் பக்கங்களிலும் சிவப்பு வட்டங்களை எண்ணுங்கள். நேர்மையான இயந்திரம் என்றால் 110-ஐ ஒட்டி, 90-க்கும் 130-க்கும் நடுவில் எங்காவது நிற்கும். 95 என்று வந்தால் “இன்னும் 15 பாக்கி” என்றும், 125 என்று வந்தால் “7-க்கு நேரம் நன்றாக ஓடுகிறது” என்றும் மனசு சொல்லும். இரண்டுக்கும் அர்த்தம் இல்லை. 219-க்குப் பக்கத்தில் வந்தால் எனக்கு எழுதுங்கள், நானும் வருகிறேன்.

எண்ணைத் தேர்ந்தெடுப்பதில் ஒன்றுமே இல்லையா என்றால், ஒரு இடத்தில் மட்டும் இருக்கிறது. உங்கள் ஆட்டத்தில் பரிசு மடங்கு முன்கூட்டியே நிலையாக எழுதப்பட்டது, எத்தனை பேர் ஜெயித்தாலும் 500 தான். 2002 செப்டம்பர் 11 அன்று, இரட்டைக் கோபுரத் தாக்குதல் நடந்து சரியாக ஒரு வருடம் ஆன நாளில், நியூயார்க் மாநிலத்தின் மாலைக் குலுக்கலில் 9-1-1 வந்தது. பலர் அதிர்ந்தார்கள். வேறு எந்த எண்ணுக்கும் உள்ள அதே ஆயிரத்தில் ஒன்று வாய்ப்புதான் அதற்கும். தேதியை நினைத்து அந்த எண்ணைக் கட்டியவர்கள் ஆயிரக்கணக்கில் இருந்தாலும் ஒவ்வொருவருக்கும் முழுப் பரிசு. இப்படி நடத்துபவருக்குக் கை கடிக்கும் என்பதால்தான் நிலைப் பரிசு ஆட்டங்களில் ஒரு எண்ணுக்குப் பணம் ஓர் அளவைத் தாண்டினால் அன்றைக்கு அந்த எண்ணின் விற்பனையை நிறுத்திவிடுவார்கள். நியூ ஜெர்சியில் நடப்பது போன்ற வேறொரு வகை உண்டு. அன்றைய வசூலில் பாதியை ஒதுக்கி, ஜெயித்தவர்களுக்குப் பங்கு போடுவார்கள். அங்கே 911 கட்டியவர்களுக்குக் கிள்ளித்தான் கிடைக்கும். அந்த வகையில் மட்டும், யாரும் தொடாத எண்ணை எடுப்பது புத்திசாலித்தனம். வாய்ப்பு கூடாது, பங்காளிகள் குறைவார்கள். நேற்று விழுந்த எண்ணை எடுப்பது அங்கே நல்ல யோசனை. மேரிலாந்துக் கதை ஞாபகம் இருக்கிறதல்லவா. உங்கள் ஆட்டத்துக்கு இது பொருந்தாது.

தொகையைக் கூட்டுவது பற்றிக் கேட்டீர்கள். ஒரு காசு கட்டினால் சராசரியாக அரைக் காசு போகிறது, ஐந்து கட்டினால் இரண்டரை. கூட்டுவதால் மாறுவது அது ஒன்றுதான். 7 முதலில் வரும் என்பது உறுதியாகத் தெரிந்தால் கதையே வேறு. மீதி இரண்டு இலக்கத்துக்கு 100-ல் 1, பரிசோ 500 மடங்கு, அள்ளிக்கொண்டு போகலாம். உங்களை இழுப்பது அந்தக் கணக்குதான் என்று எனக்குத் தெரியும், அதில் பெருக்கல் பிழையும் இல்லை. ‘தெரிந்தால்’ என்ற முதல் சொல்லுக்குத்தான் ஆதாரம் இல்லை. இந்தப் பணத்தைக் கடன் வாங்கியோ வீட்டில் மறைத்தோ கட்டுகிறீர்கள் என்றால், பாக்ஸா ஸ்ட்ரெய்ட்டா என்று என்னிடம் கேட்பதை விட்டுவிட்டு முதலில் வீட்டில் பேசுங்கள்.

அப்படியெல்லாம் இல்லை, மாலையில் எண்ணைப் பார்க்கும் அந்த ஐந்து நிமிடப் பரபரப்புக்காகத்தான் கட்டுகிறேன் என்றால், அதன் விலை ஒரு நாளைக்கு அரைக் காசு. பாக்ஸிலேயே இருங்கள். 7-ஐ எந்த இடத்தில் வைத்தாலும், வைக்காவிட்டாலும் ஒன்றுதான்.

குறை ஒன்று இருக்கிறது என்றேனே, அது இதுதான். அந்தப் பக்கத்தில் குலுக்கலில் வந்த எண் ஒவ்வொன்றும் இருக்கிறது. நீங்கள் அன்றைக்குக் கட்டியது எவ்வளவு, வந்தது எவ்வளவு என்பது எங்கேயும் இல்லை. ஓரத்தில் இடம் காலியாகத்தான் கிடக்கிறது. இன்றே இரண்டு கோடு போட்டு, ‘கட்டியது’, ‘வந்தது’ என்று தலைப்பு எழுதுங்கள். முதல் வரியை நானே சொல்லிவிடுகிறேன்: 1095, 560. அதற்குக் கீழே நாளையிலிருந்து நீங்கள் எழுதுங்கள்.